கரண்ட் அண்ணாவின் பெல்ட்

எங்கள் வீட்டு டீவியில் சிவப்பு நிறமே வராது.

அப்பா கண்டிக்குப் பக்கத்தில் வத்தேகம டவுனில் ஒரு ரேடியோ ரிப்பெயர் கடையில் வேலை செய்தார். யாரோ வேண்டாமென்று விட்டுப்போன டீவி ஒன்றை முதலாளியிடம் கேட்டு வாங்கி, மூன்று மாதம் கிண்டிக் கிளறி, ஒருவழியாக உயிர் கொடுத்து வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு வந்தார். படம் வந்தது, சத்தம் வந்தது, பச்சையும் நீலமும் வந்தன. சிவப்பு மட்டும் கடைசிவரைக்கும் வரவில்லை. செய்தி வாசிக்கிறவர் பாசி பிடித்தவர் மாதிரி உட்கார்ந்திருப்பார். கிரிக்கெட் ஆடுகிறவர்கள் எல்லோருக்கும் வயிற்றுக் கோளாறு வந்தது போல இருக்கும். "ஊரார் டீவிக்கெல்லாம் கலர் குடுக்கிறீங்க, நம்ம வீட்டுக்கு மட்டும் பாசியா?" என்று அம்மா கேட்பார். அப்பா சிரிப்பார்.

அந்தப் பாசி டீவியில்தான் கரண்ட் அண்ணா எங்கள் வீட்டுக்கு வந்தார். சாயங்காலம் ஐந்து மணிக்கு வருகிற அமெரிக்கக் கார்ட்டூன். கீழே சிங்களத்தில் எழுத்து ஓடும். பகலில் பள்ளிக்கூடம் போகிற ஒரு பையன், வேலை வந்துவிட்டால் முகமூடி போட்டுக்கொண்டு கையை நீட்டுவான். விரலிலிருந்து மின்னல் பாயும். அவ்வளவு பெரிய சக்தியை வைத்துக்கொண்டும் யாரையும் கொல்லமாட்டான். திருடர்களைச் சுருட்டி விளக்குக் கம்பத்தில் ஒட்டவைத்துவிட்டு சிரிக்க ஒரு பகிடி சொல்லிவிட்டுப் போவான். அமெரிக்காவில் அவனுக்கு வேறு பெயர். அது எங்கள் வாயில் நுழையவில்லை. நானே வைத்த பெயர் கரண்ட் அண்ணா. அண்ணா என்று வைத்த பிறகு மரியாதை வேண்டாமா? அதனால் இனி 'அவர்' என்றே சொல்கிறேன்.

எங்கள் டீவியில் அவர் கரும்பச்சையாக இருந்தார். வேறு கிரகத்து ஆள் போலிருக்கிறது என்று நான் நினைத்துக்கொண்டேன். ஒருநாள் அப்பாவுக்குத் தேத்தண்ணிப் போத்தல் கொண்டுபோய்க் கொடுக்கக் கடைக்குப் போனேன். ஐந்து மணி. மேசையில், ரிப்பெயர் முடிந்து கண்ணாடி மாதிரி துடைத்து வைத்த ஒரு டீவி ஓடிக்கொண்டிருந்தது. அதில் கரண்ட் அண்ணா வந்தார். நான் போத்தலைக் கீழே போடப் பார்த்தேன். பச்சையாவது ஒன்றாவது! ஆள் கறுப்பு. என்னைப் போலவே கறுப்பு.

"அப்பா, இவரு கறுப்புப்பா!" என்று கத்தினேன்.

"ஆமா, அமெரிக்காவுல கறுப்பு ஆளுங்க நெறைய இருக்காங்க" என்றார் அப்பா, ஈயம் உருக்குகிற கம்பியிலிருந்து கண்ணை எடுக்காமல். "நம்ம ஆளுங்க தேயிலைக்கு வந்த மாதிரி அவங்க ஆளுங்க பருத்திக்கு வந்தவங்க. வந்தவங்கன்னு சொல்லக் கூடாது, ஆப்பிரிக்காவுல இருந்து கட்டி இழுத்துக்கிட்டு வந்தாங்க."

எனக்கு அந்த வரலாறெல்லாம் அன்றைக்கு ஏறவில்லை. எனக்கு ஏறியது ஒன்றே ஒன்றுதான்: கறுப்பாக இருக்கிற ஒரு ஆளுக்குக் கார்ட்டூனில் முதல் இடம் கொடுத்திருக்கிறார்கள்.

இது எனக்கு ஏன் இவ்வளவு பெரிய விஷயம் என்று கேட்டால், எங்கள் மாதா கோயிலில் கிறிஸ்து பிறப்புக்குப் போடுகிற நத்தார் நாடகத்தைப் பார்த்திருக்க வேண்டும். ஏழு வயதிலிருந்து பதினொரு வயதுவரை, ஐந்து வருடம், எனக்கு ஒரே வேஷம். மூன்று ராஜாக்களில் கறுப்பு ராஜா. பெண்பிள்ளைக்கு மீசை ஒட்டி, தலையில் துவாயைக் கட்டி, "மேக்கப் மிச்சம்" என்று வேறு சொல்வார்கள். தேவதை வேஷம், மாதா வேஷம் எல்லாம் வெள்ளைப் பிள்ளைகளுக்கு. அம்மாவும் என்னை விட்டபாடில்லை. வீட்டைவிட்டு இறங்குமுன் முகத்தில் அரை டின் பவுடரைக் கொட்டித் தேய்ப்பார். கழுத்துக்குக் கீழே கறுப்பு, மேலே சாம்பல். அம்மாவுக்கு அதில் ஒரு திருப்தி.

காலம் நல்ல காலம் இல்லை. சமாதானம் பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை மடக்கி வைத்துவிட்டு மறுபடியும் சண்டையைத் தொடங்கியிருந்தார்கள். சண்டை தூரத்தில்தான். ஆனால் கண்டிக்குப் போகிற பாதையில் மகாவலிப் பாலத்துக்கு இந்தப் பக்கம் செக்பொயின்ட் முளைத்துவிட்டது. எல்லோரும் பஸ்ஸைவிட்டு இறங்கி, பையைத் திறந்து காட்டி, நடந்து தாண்டி, மறுபடியும் ஏற வேண்டும். தமிழ்ப் பெயர் உள்ள அடையாள அட்டையைக் கொஞ்சம் கூடுதல் நேரம் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்கள்.

அப்பாவைப் பொலிஸ்காரர்கள் ஒருதரம் பிடித்துக்கொண்டு போயிருக்கிறார்கள். இந்தக் கதை நடப்பதற்கு முந்தின வருடம். கடையிலிருந்து வரும்போது பையில் பழைய ரேடியோ சாமான், நாலு முழம் வயர். தமிழ் ஆள், வயர், சொல்லவும் வேண்டுமா? இரண்டு இரவு உள்ளே வைத்திருந்தார்கள். முதலாளி போய் "இவர் என் கடை ஆள்தான், நான் பொறுப்பு" என்று சொல்லி எழுதிக் கொடுத்த பிறகுதான் விட்டார்கள். என்ன நடந்ததென்று அப்பா இதுவரை எங்களிடம் சொன்னதில்லை. திரும்பி வந்தவர் சாமான் பையைக் கடையிலேயே வைக்கத் தொடங்கினார். இன்னொன்று, அப்பா பொக்கெட்டில் கை விடுவதை நிறுத்திவிட்டார். பஸ் காசைக்கூட வீட்டிலிருந்தே உள்ளங்கையில் பிடித்துக்கொண்டு போவார். கைக்குட்டை அம்மாவின் பையில் இருக்கும். நடக்கும்போது இரண்டு கையும் உடம்பைவிட்டு ஒரு சாண் விலகி, விரல் விரிந்து, காலியாக இருப்பது எல்லோருக்கும் தெரிகிற மாதிரி இருக்கும். கோயிலில் நற்கருணை வாங்கப் போகும்போதும் அப்படித்தான். எனக்கு அதைப் பார்க்கவே பிடிக்காது.

"இன்னொரு தரம் பிடிச்சாங்கன்னா விடமாட்டாங்க" என்று அம்மா பக்கத்து வீட்டு அக்காவிடம் சொன்னது என் காதில் விழுந்தது. அதற்குப் பிறகு அப்பா வர அரைமணி பிந்தினாலும் நான் வாசற்படியில் போய் உட்கார்ந்துவிடுவேன்.

இப்படியிருக்கும்போது மறைக்கல்வி வகுப்பில் சிஸ்டர் வந்து, கண்டியில் எல்லாக் கோயில் பிள்ளைகளுக்கும் சேர்த்து விநோத உடைப் போட்டி நடக்கப்போகிறது என்று சொன்னார். யார் என்ன வேஷம் என்று எழுதிக்கொண்டே வந்தார். புனிதர், புனிதர், தேவதை, மாதா, மறுபடியும் தேவதை. என்னிடம் வந்து, கேட்காமலே "கறுப்பு ராஜா" என்று எழுதப் போனார்.

"இல்ல சிஸ்டர். கரண்ட் அண்ணா."

"அவரு எந்த ஊருப் புனிதர்?"

"அமெரிக்கா, சிஸ்டர். அற்புதம் எல்லாம் செய்வாரு. கையில மின்னல் வரும்."

வகுப்பு முழுக்கச் சிரித்தது. சிஸ்டரும் சிரித்துவிட்டார். "விநோத உடைன்னுதானே போட்டிருக்கு, வந்து தொலை" என்று எழுதிக்கொண்டார்.

வீட்டுக்கு ஓடிவந்து அப்பாவிடம் சொன்னேன். பிடிபட்ட நாளிலிருந்து அவர் வீட்டில் ஒரு ஆணியைக்கூட முறுக்கியதில்லை. இரண்டு நாள் கழித்து, கடையிலிருந்து நெருப்புப் பெட்டிக்குள் எட்டு டோர்ச் பல்ப் வந்தது. அடுத்த நாள் சவர்க்காரப் பெட்டி. அதற்கடுத்த நாள், எங்கிருந்தோ ஒரு சின்ன அமுக்குச் சுவிட்ச். அப்பா மறுபடியும் சட்டைக் கையை மடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். அதைப் பார்த்து எனக்கு வந்த சந்தோஷம் இருக்கிறதே, பரிசே வேண்டாம் போ என்று இருந்தது.

பெல்ட் என்றால் பெல்ட்! அட்டையில் செய்து, சொக்லட் சுற்றின வெள்ளித் தாளை ஒட்டி, முன்பக்கம் எட்டு பல்ப். பின்பக்கம் சவர்க்காரப் பெட்டிக்குள் நாலு சின்ன பெட்டரி. அங்கிருந்து சிவப்பு வயர் ஒன்று, கறுப்பு வயர் ஒன்று என் சட்டைக் கைக்குள்ளால் ஓடி உள்ளங்கைக்கு வரும். உள்ளங்கையில் சுவிட்ச். நான் கையை நீட்டி அமுக்கினால் எட்டும் பளீரென்று எரியும். ஒரு கிழமை முழுக்க, ஏழு நாளும், அப்பாவும் நானும் பூட்டிக் கழற்றினோம்.

"சுவிட்ச் பெரிய வித்தை ஒண்ணுமில்ல" என்பார் அப்பா. "ரெண்டு முனைய சேர்க்கும், பிரிக்கும். அம்புட்டுத்தான்."

அம்மா மட்டும் வாசலில் நின்று பெல்ட்டை முறைத்துக்கொண்டிருந்தார். கடைசியில் வாயைத் திறந்தார். "இத எப்படிக் கண்டிக்குக் கொண்டு போறதா உத்தேசம்?"

சத்தியமாக நாங்கள் இரண்டு பேரும் அதை யோசிக்கவே இல்லை. வயர், பெட்டரி, பெல்ட். பாலத்தடியில் அதைப் பார்த்தால் என்ன நினைப்பார்கள்? அப்பாவின் முகம் செத்துப்போனது. "விடு புள்ள, ராஜாவே போடு" என்றார். நான் குப்புற விழுந்து அழுதேன். அழுத அழுகையில் அம்மாவே இறங்கிவந்து, "சரி சரி, நான் ஒரு வழி சொல்றேன்" என்றார்.

அம்மாவின் வழி எங்களுக்கு நன்றாகத் தெரிந்த வழிதான். பிரித்து வைப்பது. அம்மா சின்னப் பிள்ளையாக இருந்தபோது கலவரத்தில் அவர்கள் வீடு எரிந்தது. எரியுமுன் வீட்டிலிருந்த நகை, காணி உறுதிப் பத்திரம், பிறப்புப் பத்திரம் எல்லாவற்றையும் பிள்ளைகளின் உடுப்புக்குள் ஆளுக்கொன்றாக வைத்துக் கட்டிக்கொண்டு ஓடினார்களாம். வழியில் ஒருவரிடம் பறித்தார்கள், மற்றவர்களிடம் இருந்தது தப்பியது. அன்றைக்குப் பிடித்த பழக்கம் அம்மாவை விடவே இல்லை. எங்கள் வீட்டில் சீனி மூன்று டின்னில் இருக்கும். காசு நாலு இடத்தில் இருக்கும். என் பிறப்புப் பத்திரம் அரிசி வாளிக்குள், தங்கச்சியுடையது மாதா படத்துக்குப் பின்னால். தேடினால் எதுவும் கிடைக்காது, ஆனால் எதுவும் தொலையவும் தொலையாது.

"பெல்ட்டு புள்ளகிட்ட. வயரும் சுவிட்சும் எங்கிட்ட. பெட்டரி ஒங்ககிட்ட. தனித்தனியாப் பார்த்தா என்ன இருக்கு? ஒண்ணுமில்ல" என்றார் அம்மா.

கேட்க எவ்வளவு புத்திசாலித்தனமாக இருந்தது! மூன்று பேரும் தலையை ஆட்டினோம். மூன்று பேரில் ஒருத்தருக்காவது மண்டையில் உறைத்ததா? இல்லை.

பெட்டரியை எங்கே வைப்பது என்பதில் ஒரு சிக்கல். பொக்கெட்டில் அப்பா எதையும் வைக்கமாட்டார். பை கொண்டுபோகமாட்டார். "சப்பாத்துப் போடுங்க. மேசுக்குள்ள ரெண்டு ரெண்டாப் போட்டுக்கங்க. கால யாரு பார்க்கிறா?" என்றார் அம்மா. அப்பா கல்யாணச் சப்பாத்தை எடுத்தார். மேசு என்கிற காலுறைக்குள் காலுக்கு இரண்டு பெட்டரியை வைத்து, களிசான் குழாயை அதன்மேல் இழுத்துவிட்டு, முற்றத்தில் நடந்து பார்த்தார். கால் வெந்த கோழி மாதிரி இருந்தது நடை. தங்கச்சி விழுந்து விழுந்து சிரித்தாள். அவளைப் பக்கத்து வீட்டு அக்காவிடம் விட்டுவிட்டு, என் முகத்தில் வழக்கமான அரை டின் பவுடரைக் கொட்டிவிட்டு, சனிக்கிழமை காலை பஸ் ஏறினோம்.

நானும் அப்பாவும் ஒரு சீட், அம்மா முன்னால் ஜன்னலோரம். பாலம் நெருங்கியதும் பஸ் நின்றது. அன்றைக்கென்று பார்த்து வழக்கத்தைவிட இரட்டிப்பு ஆட்கள், புதிதாக அடுக்கிய மண் மூட்டைகள், ஓரத்தில் ஒரு ஜீப். அப்பாவின் கை இரண்டும் முழங்காலின்மேல் தானாகவே விரிந்தன. அம்மாவின் தோள் ஒருதரம் அசைந்ததைப் பார்த்தேன். முந்தானையைச் சரி செய்கிறார் என்று நினைத்தேன்.

ஆம்பிளைகள் ஒரு வரிசை, பொம்பிளைகள் ஒரு வரிசை. பொம்பிளைகள் பக்கம் ஒரு பொலிஸ்கார அக்கா நின்றார். குண்டான ஆள், வெயிலில் கறுத்த முகம், தூக்கக் கலக்கம். என் பையைத் திறந்தார். பெல்ட்டை வெளியே எடுத்துத் தூக்கிப் பார்த்தார். "மொகக்த மே?" என்றார். சிங்களத்தில் இது என்ன என்று கேட்கிறார். நான் வாயைத் திறக்குமுன் அவருடைய மற்றக் கை அம்மாவின் கைப்பைக்குள் போய்விட்டது. செபமாலை வந்தது. அப்பாவின் கைக்குட்டை வந்தது. கைக்குட்டையை விரித்தால் சிவப்பு வயரும் கறுப்பு வயரும். அக்காவின் தூக்கம் போய்விட்டது.

அதே நேரம் அந்தப் பக்கம் ஒரு அதட்டல் கேட்டது. அப்பா நொண்டுவதை எவனோ கண்டுபிடித்துவிட்டான். "சப்பாத்தைக் கழற்று!" கழற்றினார். காலுறையையும் உருவினார்கள். தார் ரோட்டில் பெட்டரி ஒன்றன்பின் ஒன்றாக உருண்டது. ஒன்று, இரண்டு, மூன்று, நாலு.

பஸ் ஆட்களின் பேச்சு அப்படியே நின்றுபோனது. பக்கத்தில் நின்ற ஒரு அம்மா தன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தள்ளிப் போனார். எங்கள் மூன்று பேரின் சாமானும் ஓரத்திலிருந்த ஒரே மேசையில் வந்து சேர்ந்தன. தனித்தனியாகப் பார்த்தால் ஒன்றுமில்லை என்றார் அம்மா. மேசையில் சேர்த்துப் பார்த்தபோது எனக்கே பயமாக இருந்தது.

சார்ஜன்ட் வந்தார். நரைத்த மீசை. பெல்ட்டைத் தட்டிப் பார்த்தார், வெள்ளித் தாளைக் கிழித்துப் பார்த்தார், சவர்க்காரப் பெட்டியை முகர்ந்து பார்த்தார். உள்ளே அட்டையும் காற்றும்தான். "பிள்ளையின் நாடகச் சாமான், சேர்" என்று அப்பா சிங்களத்தில் சொன்னார். அப்பாவின் சிங்களம் நல்ல சிங்களம், அன்றைக்கு அது நடுங்கியது.

சார்ஜன்ட் அப்பாவின் வெறுங்காலைப் பார்த்தார். "விளையாட்டுச் சாமானா? அப்படியென்றால் ஏன் மூன்று பேர் மூன்று இடத்தில் ஒளித்துக்கொண்டு வந்தீர்கள்?"

அதற்கு என்ன பதில் சொல்வது? அம்மாவின் வீடு எரிந்த கதையைச் சொல்வதா? சீனி டின்னைச் சொல்வதா? அப்பா விரித்த கையை இன்னும் விரித்தார். பிறகு, "பயத்தில்தான், சேர்" என்றார்.

"ஜீப்பில் ஏற்று" என்றார் சார்ஜன்ட்.

ஒருவன் அப்பாவின் முழங்கையைப் பிடித்தான். அம்மா "ஐயோ மாதாவே" என்று தரையில் உட்கார்ந்துவிட்டார். எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. பொலிஸ்கார அக்காவின் சட்டையைப் பிடித்து இழுத்து, தெரிந்த அரைகுறைச் சிங்களத்தில் கத்தினேன். "அது கார்ட்டூன்! ஐந்து மணிக்கு வருமே! கையில் மின்னல் வருமே, அந்த அண்ணா! நான்தான் அவர்! எங்கப்பாவ விடுங்க!"

அக்கா என்னைக் குனிந்து பார்த்தார். "ஐந்து மணிக்கா? முகமூடி போட்ட அந்தப் பையனா?"

நான் பைக்குள்ளிருந்து முகமூடியை இழுத்து எடுத்துக் காட்டினேன். அக்கா சார்ஜன்ட்டிடம் திரும்பினார். "சேர், அப்படி ஒரு கார்ட்டூன் இருக்கிறது. என் மகன் அது முடியும்வரைக்கும் குளிக்கவே போகமாட்டான்."

சார்ஜன்ட்டுக்குக் கார்ட்டூன் தெரியாது. பாவம், அவருக்கு எங்கே நேரம்! மீசையைத் தடவினார். "அப்படியானால் எரியட்டும் பார்ப்போம். எரிந்தால் போங்கள்" என்றார். அப்பா மேசைக்குக் குனிந்தார். "நீ தொடாதே! பிள்ளை செய்யட்டும்" என்று சார்ஜன்ட் அதட்டினார்.

நான் செய்தேன். ஒரு கிழமை பூட்டிக் கழற்றின கை அல்லவா? பெல்ட்டைக் கட்டினேன், பெட்டரியைப் போட்டேன், வயரைச் சட்டைக் கைக்குள்ளால் விட்டேன். எல்லாம் சரி. சுவிட்ச் எங்கே? மேசையில் இல்லை. கைப்பையைக் கவிழ்த்தோம், இல்லை. அம்மாவைப் பார்த்தேன். அம்மா வாயைப் பொத்திக்கொண்டிருந்தார்.

"எறிஞ்சிட்டேன்டி" என்றார். "பஸ்ஸு நிக்கிறப்போ, ஜன்னலால."

என்னத்தைச் சொல்ல! நாலு தலைமுறைக்குப் பிரித்து வைக்கிற பொம்பிளை, அன்றைக்கு ஒன்றைத் தொலைத்தே விட்டார். அப்பா கண்ணை மூடிக்கொண்டார். சார்ஜன்ட் ஜீப்பைப் பார்த்தார். நான் என் கையைப் பார்த்தேன். உள்ளங்கையில் சிவப்பு முனையும் கறுப்பு முனையும் தலையை நீட்டிக்கொண்டிருந்தன. அப்பா ஒரு கிழமையாகச் சொன்னதுதான் ஞாபகம் வந்தது. சேர்க்கும், பிரிக்கும். அம்புட்டுத்தான்.

"சேர்க்கப் போறேன்" என்றேன்.

சார்ஜன்ட் கையை உயர்த்தினார். எல்லோரும் பின்னால் போனார்கள். பஸ் ஆட்கள் போனார்கள், துவக்குக்காரர்கள் துப்பாக்கியோடு மண் மூட்டைக்குப் பின்னால் போனார்கள், சார்ஜன்ட்டும் ஜீப்புக்குப் பக்கத்தில் போய் நின்றார். அப்பா மட்டும் போகவில்லை. வெறுங்காலோடு என் பக்கத்திலேயே நின்றார். பொலிஸ்கார அக்காவும் போகவில்லை. அப்பாவுக்கு அதற்குள் என்ன இருக்கிறதென்று தெரியும். அக்காவுக்கு என்ன தெரியும்?

முகமூடியைப் போட்டுக்கொண்டு கையை நீட்டினேன். சுட்டு விரலாலும் பெருவிரலாலும் இரண்டு முனையையும் சேர்த்து நசுக்கினேன். எட்டு பல்பும் எரிந்தன. காலை வெயிலில் மங்கலாகத்தான் எரிந்தன. ஆனாலும் எரிந்தன! பஸ் கொண்டக்டர் முதலில் கை தட்டினான், பிறகு பஸ்ஸே கை தட்டியது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தள்ளிப்போன அம்மாவும் தட்டினார். சார்ஜன்ட் சிரிக்கவில்லை. "ஹரி, ஹரி", அதாவது சரி சரி, "போங்கள்" என்று மட்டும் சொன்னார். அப்பாவின் முழங்கையைப் பிடித்தவன் குனிந்து சப்பாத்தை எடுத்துக் கொடுத்தான்.

நாங்கள் நகரப் பார்த்தபோது அக்கா என் தோளைப் பிடித்து நிறுத்தினார். அடுத்த வில்லங்கமா என்று எனக்குத் திக்கென்றது. அவர் முகமூடியை மேலே தள்ளி என் முகத்தை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார்.

"இது என்ன பவுடர்? அந்தப் பையன் கறுப்பு அல்லவா?" என்றார். தன் கைக்குட்டையைத் தண்ணீர்ப் போத்தலில் நனைத்து, நெற்றி, கன்னம், மூக்கு என்று அழுத்தித் துடைத்தார். அரை டின்னும் போனது. எட்ட நின்று ஒருதரம் பார்த்துவிட்டு, "இப்போது சரி" என்றார். அம்மா பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

போட்டியைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. மேடையில் நாலு தேவதை, மூன்று மாதா, எண்ணிக்கையில்லாத புனிதர்கள். நான் ஏறி, கையை நீட்டி, விரலைச் சேர்த்தேன். மண்டப இருட்டில் எட்டு பல்பும் ஜெகஜோதியாக எரிந்தன. பிள்ளைகள் கூரை பறக்கக் கத்தினார்கள். சுவிட்ச் இருந்திருந்தால் அமுக்கியிருப்பேன். இப்போது உண்மையாகவே என் விரலில் கரண்ட் ஓடுகிற மாதிரி இருந்தது. முதல் பரிசு யாருக்கு என்கிறீர்கள்? மேடையில் ஏறியதிலிருந்து இறங்கும்வரைக்கும் அழுத ஐந்து வயதுத் தேவதைக்கு. எனக்கு ஆறுதல் பரிசு, ஒரு பென்சில் பெட்டி. இத்தனை வருடமாகியும் அந்த நடுவர்கள்மேல் எனக்குள்ள கோபம் ஆறவில்லை.

பின்னேரம் பஸ் நிலையத்தில் அம்மா மறுபடியும் தொடங்கினார். "பெல்ட்டக் கழட்டு. வயர எங்கிட்டக் குடு. நீங்க சப்பாத்தக் கழட்டுங்க, பெட்டரிய..."

"வேணாம்" என்றார் அப்பா.

"என்ன வேணாம்?"

"பிரிக்க வேணாம். கட்டிக்கிட்டே வரட்டும்."

அம்மாவின் சட்டத்துக்கு எதிராக அப்பா பேசி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அம்மா திறந்து பிடித்த கைப்பையை மூடினார். நான் பெல்ட்டும் முகமூடியுமாக ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தேன். பஸ்ஸில் ஏறினவர்கள் எல்லோரும் பார்த்துச் சிரித்தார்கள்.

பாலத்தடியில் இறங்கினோம். அதே அக்கா. களைத்துப்போய்க் கதிரையில் உட்கார்ந்திருந்தவர் என்னைக் கண்டதும் எழும்பிவிட்டார். "என்ன கிடைத்தது?" என்று கேட்டார். பென்சில் பெட்டியைக் காட்டினேன். "இவ்வளவுதானா? அந்த நடுவர்கள் வீட்டில் டீவி இல்லைப்போல" என்றார். ஆகா, அந்த வார்த்தையிலேயே எனக்குப் பாதிப் பரிசு கிடைத்துவிட்டது. இன்னொரு தரம் எரித்துக் காட்டு என்றார். விரலைச் சேர்த்தேன். பெட்டரி இறங்கிப்போயிருந்தது, இரண்டே இரண்டு பல்ப்தான் முணுமுணுத்தன. அதற்கும் கை தட்டினார்.

"காலையில எல்லாரும் பின்னால போனாங்களே, நீங்க ஏன் போகல?" என்று கேட்டேன்.

அவர் தோளைக் குலுக்கினார். "அந்தப் பையன் யாரையும் கொல்கிறதில்லையே" என்றார்.

அப்போதுதான் அம்மா என் கையைக் கிள்ளினார். திரும்பிப் பார்த்தேன். அப்பா எங்களுக்கு முன்னால் போய்க்கொண்டிருந்தார். துவக்குக்காரர்களுக்கு நடுவில், மண் மூட்டைகளைத் தாண்டி, சார்ஜன்ட்டுக்கு முன்னாலேயே. இரண்டு கையும் களிசான் பொக்கெட்டுக்குள் இருந்தன.

"கைய எடுங்க" என்று அம்மா பல்லைக் கடித்துக்கொண்டு குசுகுசுத்தார். "ஏங்க, கைய வெளிய எடுங்க!"

அப்பாவுக்குக் கேட்டது. கேட்டது என்று அவருடைய காது அசைந்ததிலேயே எனக்குத் தெரிந்தது. பஸ் படியில் ஏறும்வரைக்கும் அவர் கையை எடுக்கவில்லை.